விற்க மாட்டேன் என்று சொல்லியே விற்றவர்

என் ஸ்டுடியோவில் பில் போடும் மேஜைக்கு மேலே ஒரு கறுப்பு வெள்ளைப் படம் ரொம்ப வருஷமாக ஒட்டியிருக்கிறது. ஏதோ பழைய பத்திரிகையிலிருந்து கிழித்தது, மூலைகள் மஞ்சளடித்துவிட்டன. ஒரு கப்பலின் இரண்டு தளங்கள். மேல்தளத்தில் கம்பியில் சாய்ந்து கீழே பார்க்கும் கூட்டம், அதில் ஒருவர் தலையில் வட்டமான வைக்கோல் தொப்பி. கீழே சால்வை போர்த்திய பெண்கள், குழந்தைகள், காயப்போட்ட துணிகள். நடுவில் குறுக்கே வெள்ளையாக ஒரு நடைபாலம். பாஸ்போர்ட் சைஸ் எடுக்க வந்து காத்திருப்பவர்கள் அதைப் பார்த்துவிட்டு "அகதிங்களா சார்?" என்பார்கள். நானும் "அமெரிக்காவுக்குப் பிழைக்கப் போனவங்க" என்று கதை விட்டுக்கொண்டிருந்தேன்.

தப்பு. அந்தக் கப்பல் நியூயார்க்கிலிருந்து ஐரோப்பாவுக்குப் போய்க்கொண்டிருந்தது. வருஷம் 1907, கப்பலின் பெயர் கைசர் வில்ஹெல்ம் இரண்டு. படத்தில் இருப்பவர்கள் திரும்பிப் போகிறவர்கள். எடுத்தவரோ முதல் வகுப்பில் மனைவி மகளோடு ஊர் சுற்றப் போகிற வசதிக்காரர். முதல் வகுப்பு ஆட்களின் பகட்டு தாங்காமல் தளத்தின் ஓரம் வரை நடந்து வந்து எட்டிப் பார்த்தாராம், பார்த்ததும் கேபினுக்கு ஓடிப்போய் கேமராவை எடுத்துக்கொண்டு வந்தாராம், கையில் மிச்சமிருந்தது ஒரே ஒரு கண்ணாடித் தகடு, அதற்குள் அந்த வைக்கோல் தொப்பிக்காரர் நகர்ந்திருக்கக் கூடாதே என்பதுதான் ஒரே கவலை. நகரவில்லை. இதெல்லாம் பல வருஷம் கழித்து அவரே சொன்னது, கொஞ்சம் மசாலா சேர்ந்திருக்கும். ஆனாலும் எனக்கு நம்பிக்கை வருகிறது. தாலி கட்டுகிற நேரம் பார்த்து மெமரி கார்டு நிரம்பிப் போனவனுக்குத்தான் அந்த வயிற்றுக் கலக்கம் தெரியும்.

ஆல்ஃபிரட் ஸ்டீக்லிட்ஸ். போட்டோ பற்றிப் படித்தவர்களுக்கு இந்தப் பெயர் பழக்கம். அவருடைய படங்களைப் பற்றி எழுத வேண்டும் என்று நான் உட்காரவில்லை. அவருடைய இன்னொரு பிழைப்பைப் பற்றித்தான் கொஞ்ச நாளாகப் படித்துக்கொண்டிருக்கிறேன். அடுத்தவர்கள் வரைந்த படங்களைச் சுவரில் மாட்டி, அவற்றுக்காக வருகிறவர் போகிறவரிடமெல்லாம் நாள் முழுக்க வாதாடி, யாருக்கு என்ன விலைக்குக் கொடுப்பது என்று முடிவு செய்த பிழைப்பு. பிழைப்பு என்று சொன்னாலே மனுஷர் கோபித்துக்கொள்வார். வியாபாரி என்று தன்னை யாரும் அழைப்பது அவருக்கு ஆகவே ஆகாது. ஆனால் அமெரிக்காவில் அந்தக் காலத்தில் அவரளவுக்கு விற்கத் தெரிந்தவர்கள் ரொம்பக் குறைவு என்பது என் கட்சி.

பிறந்தது 1864, ஜனவரி 1, நியூ ஜெர்சியில் ஹோபோக்கன். ஜெர்மனியிலிருந்து வந்த யூதக் குடும்பம், அப்பா கம்பளி வியாபாரத்தில் நன்றாகச் சம்பாதித்தவர். 1881-ல் குடும்பத்தோடு ஜெர்மனிக்குப் போய் பெர்லினில் மெக்கானிக்கல் இன்ஜினியரிங் சேர்ந்தார். அங்கே வோகல் என்ற வேதியியல் பேராசிரியரிடம் மாட்டியதில் இன்ஜினியரிங் போச்சு, கேமரா வந்தது. (நம் ஊர் கதை மாதிரியே இருக்கிறது, இல்லையா? வித்தியாசம் என்னவென்றால் அவருடைய அப்பா மாதாமாதம் பணம் அனுப்பிக்கொண்டே இருந்தார்.) 1890-ல் தங்கை பிரசவத்தில் இறந்துபோக, நியூயார்க் திரும்பினார். அப்பா ஒரு அச்சு பிளாக் செய்யும் கம்பெனியில் பணம் போட்டுக் கொடுத்தார். லாபம் வந்ததாகத் தெரியவில்லை, ஆனால் போட்டோவைத் தாளில் அச்சடிக்கிற நுணுக்கம் அத்தனையும் கைக்கு வந்தது. அது பின்னால் உதவியது.

1893 பிப்ரவரியில் ஒரு நாள் பனிப்புயலில் ஐந்தாவது அவென்யூவில் மூன்று மணி நேரம் நின்றார், குதிரை வண்டி ஒன்று சரியான இடத்துக்கு வருகிற வரைக்கும். கையில் பிடித்து எடுக்கிற சின்ன கேமராவை விஷயம் தெரிந்தவர்கள் விளையாட்டுச் சாமான் என்று ஒதுக்கிய காலம் அது. அவருடைய மொத்த வாழ்க்கையும் எனக்கு அந்த மூன்று மணி நேரமாகவே தெரிகிறது. நின்றுகொண்டே இருப்பது, ஆள் வரும் வரை.

1905 நவம்பரில் ஐந்தாவது அவென்யூ 291-ஆம் எண் கட்டடத்தின் மாடியில் மூன்று சின்ன அறைகளில் ஒரு காட்சிக்கூடம் திறந்தார். யோசனை எட்வர்ட் ஸ்டைக்கன் என்ற இளம் போட்டோகிராஃபருடையது, அறைகளும் அவர் முன்பு ஸ்டுடியோவாக வைத்திருந்தவைதான். சுவர் முழுக்கச் சாக்குத் துணி ஒட்டியிருந்தார்கள், நடு அறையில் பெரிய பித்தளைக் கிண்ணம் ஒன்று. போட்டோவும் ஓவியம் மாதிரி ஒரு கலைதான் என்று நிரூபிப்பதற்காகத் தொடங்கிய இடம். ஆனால் வெறும் போட்டோவை மட்டும் மாட்டிக்கொண்டிருந்தால் யாரோடு ஒப்பிட்டு நிரூபிப்பது? 1907-ல் பமேலா கோல்மன் ஸ்மித் என்ற பெண்ணின் ஓவியங்களை மாட்டினார். இன்று டாரட் கார்டு ஜோசியம் பார்க்கிறவர்கள் கையில் புரளுகிற படங்களை வரைந்தவர் அவர்தான். 1908-ல் பிரெஞ்சுச் சிற்பி ரோடானின் கோட்டோவியங்கள், அதே வருஷம் மத்தீஸ், 1911-ல் செசான் நீர்வண்ணங்கள், பிக்காசோ. பாரிஸிலிருந்து தேர்ந்தெடுத்து அனுப்புவது ஸ்டைக்கன், இங்கே மாட்டிவிட்டுத் திட்டு வாங்குவது ஸ்டீக்லிட்ஸ்.

இடையில் 1908-ல் கட்டட முதலாளி வாடகையை ஏற்றிவிட்டார். கடையைக் கட்டிவிடலாம் என்ற நிலை. பால் ஹாவிலேண்ட் என்ற நண்பர், பீங்கான் வியாபாரக் குடும்பத்துப் பிள்ளை, எதிர்ப்பக்கம் இருந்த இன்னும் சின்ன அறைக்கு மூன்று வருஷ வாடகைக்குப் பொறுப்பேற்றார். அது உண்மையில் 293-ஆம் எண் கட்டடம். பெயரை மட்டும் 291 என்றே வைத்துக்கொண்டார்கள்.

பிக்காசோ கதையைக் கொஞ்சம் நிறுத்தி நிதானமாகச் சொல்ல வேண்டும். 83 படங்கள், எல்லாம் கோட்டோவியமும் நீர்வண்ணமும். அமெரிக்காவில் பிக்காசோவுக்கு அதுதான் முதல் காட்சி. வெளியாள் வாங்கியது ஒரே ஒன்று, அதுவும் பிக்காசோ சின்னப் பையனாக இருந்தபோது வரைந்தது, 12 டாலர். அந்தக் கேவலம் தாங்காமல் ஸ்டீக்லிட்ஸே ஒன்றை வாங்கிக்கொண்டார், நிற்கிற பெண் ஒருத்தியின் கரிக்கோட்டுப் படம், பார்த்தால் தீயணைப்பு ஏணி மாதிரி இருக்கும். மீதி அத்தனையையும் சேர்த்து 2,000 டாலருக்கு எடுத்துக்கொள்ளுங்கள் என்று மெட்ரோபாலிட்டன் மியூசியத்தைக் கேட்டுப் பார்த்ததாகவும், இந்தப் பைத்தியக்காரத்தனமெல்லாம் அமெரிக்காவில் செல்லுபடியாகாது என்று அவர்கள் மறுத்ததாகவும் பின்னால் சொல்லியிருக்கிறார். படங்கள் பெட்டி கட்டி பாரிஸுக்கே போய்விட்டன. அந்த ஏணிப் பெண் இன்று எங்கே இருக்கிறாள்? அதே மெட்ரோபாலிட்டன் மியூசியத்தில்.

சரி, ஒன்றும் விற்காத கடையை எப்படி நடத்தினார்? அவரைப் பற்றிப் பக்தியோடு எழுதுகிறவர்கள் இந்தக் கேள்வியை வேகமாகத் தாண்டிப் போய்விடுகிறார்கள். அப்பா பணம் கொஞ்சம். மனைவி எம்மி மதுவடிசாலைக் குடும்பத்துப் பெண், அந்தப் பீர் பணம்தான் பெரிய ஆதாரம். பணத்துக்காகக் கலை இல்லை என்று மணிக்கணக்காகப் பேசியவரின் வீட்டு வாடகை, சமையல்காரர் சம்பளம் எல்லாம் பீரில் ஓடியது. எம்மிக்கோ இந்தப் படங்களும் பிடிக்காது, அந்தக் கூட்டமும் பிடிக்காது. முதல் உலகப் போரும் அதை ஒட்டி மதுவிலக்கும் வந்து அந்த வருமானம் சுருங்கியதும், 291 மூடப்பட்டதும் கிட்டத்தட்ட ஒரே சமயம். இதைச் சொல்வது அவரைச் சின்னதாக்குவதற்கு இல்லை. சோற்றுக்கு வழி இருப்பவன் அந்த வசதியை இப்படியும் செலவழிக்கலாம், கார் வாங்கியும் செலவழிக்கலாம், அவர் இப்படிச் செய்தார். ஆனால் நம்மில் ஒருவன் அவர் வழியில் கமிஷன் வாங்காமல் கடை நடத்தப் பார்த்தால் மூன்றாவது மாசம் கரண்ட் பில்லுக்குக் கடன் வாங்குவான், அதையும் சொல்ல வேண்டும் அல்லவா?

கூடவே ஒரு பத்திரிகை. கேமரா வொர்க், 1903 முதல் 1917 வரை 50 இதழ். நான் ஒரு முறை ஒரே ஒரு இதழின் உள்படத்தைக் கண்ணாடிக்குப் பின்னால் பார்த்திருக்கிறேன், மெல்லிய ஜப்பானியத் தாளில் தனியாக அச்சடித்து ஒவ்வொன்றாகக் கையால் ஒட்டியது, ஓரத்தில் தாள் லேசாக அலை மாதிரி எழும்பியிருந்தது. பிரஸ்ஸல்ஸில் ஒரு காட்சிக்கு அசல் படங்கள் நேரத்துக்கு வராததால் இந்தப் பத்திரிகைப் படங்களையே மாட்டினார்களாம், அசல் என்றே பார்த்துவிட்டுப் போனார்களாம். முதலில் ஆயிரம் பேர் வரை சந்தா கட்டினார்கள். அவர் போட்டோவை விட்டு பிக்காசோ, மத்தீஸ் என்று போடப்போட போட்டோகிராஃபர்கள் ஒவ்வொருவராகக் கழன்றுகொண்டார்கள். கடைசியில் நாற்பதுக்கும் கீழே. என்னைக் கேட்டால் அவர்கள் மேலும் தப்பில்லை. கேமரா பத்திரிகைக்குப் பணம் கட்டியவனுக்கு இதழ் தவறாமல், உருவங்களைத் துண்டு துண்டாக உடைத்து வரைகிற கியூபிசம் வந்தால் என்ன செய்வான்?

291 என்ற பெயரில் இன்னொரு பத்திரிகையும் 1915-ல் வந்தது. அதில்தான் பிக்காபியா என்ற ஓவியர் ஸ்டீக்லிட்ஸின் உருவப்படம் என்று ஒரு கேமராவை வரைந்தார். கேமராவின் துருத்தி உடைந்து தொங்குகிறது, மேலே லட்சியம் என்று எழுதியிருக்கிறது, லென்ஸ் அந்த எழுத்தை எட்டவில்லை. தன்னைக் கிண்டலடிக்கும் படத்தைத் தன் பத்திரிகையின் அட்டையிலேயே போட விட்டார். நம் கப்பல் படத்தையும் ஒரு இதழோடு உயர்ந்த தாளில் பெரிதாக அச்சடித்தார்கள். வாங்க ஆளில்லை. மிச்சத்தைக் கடைசியில் பழைய பேப்பர்க்காரரிடம் எடைக்குப் போட்டார், கிடைத்தது 5 டாலர் 80 சென்ட். இப்போது அதில் ஒரு பிரதி ஏலத்துக்கு வந்தால் அந்தக் காசில் அன்று அந்தக் கட்டடத்தையே வாங்கியிருக்கலாமோ என்னவோ.

1917 ஏப்ரலில் மார்சல் துஷான் என்ற பிரெஞ்சுக் கலைஞர், ஆர். மட் என்று கையெழுத்துப் போட்ட ஒரு சிறுநீர்ப் பீங்கானைச் சிற்பம் என்று காட்சிக்கு அனுப்பி, யாரையும் மறுக்க மாட்டோம் என்று சொன்ன சங்கமே அதை மறுத்த விவகாரம் எல்லோருக்கும் தெரியும். பலருக்குத் தெரியாதது, அந்தப் பீங்கான் அதன்பின் காணாமல் போய்விட்டது என்பதும், நமக்குத் தெரிகிற அந்த உருவம் 291-க்குத் தூக்கிக்கொண்டு வந்தபோது ஸ்டீக்லிட்ஸ் எடுத்த போட்டோ என்பதும். பின்னணிக்கு மார்ஸ்டன் ஹார்ட்லியின் ஓர் ஓவியத்தை நிறுத்தி, மேலேயிருந்து விளக்கை மென்மையாக விழ விட்டு, ஏதோ புத்தர் சிலையை எடுப்பது போல எடுத்திருக்கிறார். பொருள் மூத்திரக் கிண்ணியாக இருந்தாலும் லைட்டிங்கில் சமரசம் கிடையாது. இந்த ஒரு விஷயத்துக்காகவே எனக்கு மனுஷரைப் பிடிக்கும்.

அப்புறம் ஓ'கீஃப். 1916 ஜனவரி 1, ஸ்டீக்லிட்ஸின் 52-ஆவது பிறந்த நாள், மாலை நேரம். அனிதா பொலிட்சர் என்ற பெண், யாரிடமும் காட்டாதே என்று தோழி ஜார்ஜியா ஓ'கீஃப் அனுப்பிய கரிக்கோட்டு ஓவியங்களைச் சுருட்டி எடுத்துக்கொண்டு 291-க்கு வந்தார். தரையில் விரித்தார். அந்த வருஷம் மே மாசம், வரைந்தவரிடம் ஒரு வார்த்தை கேட்காமலேயே அவற்றைச் சுவரில் மாட்டிவிட்டார் ஸ்டீக்லிட்ஸ். விஷயம் தெரிந்து ஓ'கீஃப் நேராக வந்து, கழற்றுங்கள் என்றார். ஸ்டீக்லிட்ஸ் பேசிப் பேசியே சமாளித்துவிட்டார். படங்கள் சுவரிலேயே இருந்தன. அடுத்த வருஷம் 291-இன் கடைசிக் காட்சி ஓ'கீஃபுடையது. 1918-ல் ஓ'கீஃப் நியூயார்க்குக்கே வந்தார், ஸ்டீக்லிட்ஸ் எம்மியை விட்டு வெளியே வந்தார், 1924-ல் கல்யாணம். வயது வித்தியாசம் 23.

கேட்காமல் மாட்டியது. அதைத் திரும்பத் திரும்ப நினைத்துக்கொள்கிறேன். அது இல்லையென்றால் டெக்சாஸில் எங்கோ ஒரு டிராயிங் டீச்சராக ஓ'கீஃபின் வாழ்க்கை முடிந்திருக்கலாம். அதே சமயம் அந்த உறவு முழுக்க அதே மாதிரிதான் ஓடியது, முதலில் செய்துவிடுவது, பிறகு பேசிச் சமாளிப்பது. 1921-ல் ஸ்டீக்லிட்ஸ் தன் போட்டோக்களின் பெரிய காட்சி ஒன்று வைத்தார், அதில் 45-க்கும் மேல் ஓ'கீஃபின் உருவங்கள், கை, கழுத்து, நிர்வாணமும் உண்டு. ஊரே வந்து பார்த்தது. இரண்டு வருஷம் கழித்து ஓ'கீஃபின் நூறு ஓவியங்களை மாட்டியபோது விமர்சகர்கள் ஓவியத்தைப் பார்த்தார்களா? ஏற்கெனவே பார்த்த உடம்பைத்தான் அதில் தேடினார்கள். பெண்மையின் பீறிடல், ஆசை, அது இது என்று எழுதினார்கள், அந்தப் பேச்சைக் கிளப்பிவிட்டதே ஸ்டீக்லிட்ஸ்தான், அது விற்கும் என்று அவருக்குத் தெரியும். ஓ'கீஃப் எரிச்சலாகி, யாரும் தப்பாகப் படிக்க முடியாதபடி பழம், இலை, கட்டடம் என்று அடையாளம் தெரிகிறவற்றை வரைய ஆரம்பித்தார். பூவையும் விட்டார்களா என்றால் அதுவும் இல்லை. 98 வயது வரை வாழ்ந்தார், கடைசி வரை இதற்கு மறுப்பு சொல்லிக்கொண்டே இருந்தார்.

1932-ல் ரேடியோ சிட்டி மியூசிக் ஹாலில் பெண்கள் ஓய்வறைச் சுவரை வரைய 1,500 டாலருக்கு ஓ'கீஃப் தானாகவே ஒப்புக்கொண்டார். கட்டிய புருஷனுக்கு ஆத்திரம். இவ்வளவு குறைந்த விலைக்கா, அதுவும் சுவர்ப்படமா, நான் இத்தனை வருஷம் ஏற்றி வைத்த மதிப்பு என்னாவது என்று ஒப்பந்தத்தை முறிக்கப் போய் நின்றார். கடைசியில் சுவரில் கான்வாஸ் சரியாக ஒட்டாமல் பெயர்ந்தது, ஓ'கீஃப் மனம் உடைந்து வேலையை விட்டார், அடுத்த வருஷம் ஆஸ்பத்திரியில் கிடந்தார். அதற்குள் டாரதி நார்மன் என்ற கல்யாணமான இளம் பெண்ணோடு ஸ்டீக்லிட்ஸுக்கு உறவும் இருந்தது என்பதைச் சேர்த்துப் படிக்க வேண்டும். அவர் அப்போது நடத்திய புதுக் காலரிக்குப் பணம் திரட்டியவர்களில் நார்மனும் முக்கியமானவர்.

விலை விஷயத்தில் அவர் செய்த சித்து வேலைகளைப் பார்த்தால் நம் ஊர் ரியல் எஸ்டேட் ஆட்கள் குருதட்சணை வைப்பார்கள். 1928-ல் ஓ'கீஃப் வரைந்த ஆறு சின்ன லில்லிப் பூ ஓவியங்களை, பிரான்ஸில் வசிக்கும் பெயர் சொல்ல விரும்பாத அமெரிக்கர் ஒருவர் 25,000 டாலருக்கு வாங்கிவிட்டார் என்று பத்திரிகைகளில் செய்தி வந்தது. உயிரோடு இருக்கும் அமெரிக்க ஓவியர் ஒருவருக்கு அப்படி ஒரு விலை கேள்விப்பட்டதே இல்லை. பார்த்தால் வாங்கியதாகச் சொல்லப்பட்டவர் பிரான்ஸிலும் இல்லை, அறிமுகமில்லாதவரும் இல்லை, ஸ்டீக்லிட்ஸ் காட்சி வைத்துக்கொண்டிருந்த ஏலக் கம்பெனியின் உரிமையாளர் மிட்செல் கென்னர்லி. முழுப் பணமும் வந்து சேரவே இல்லை, ஓவியங்கள் திரும்பி வந்துவிட்டன. ஆனால் செய்தி திரும்பி வராது. அதற்கு முன்பு வாஷிங்டன் சேகரிப்பாளர் டங்கன் பிலிப்ஸ், ஜான் மரினின் நீர்வண்ணம் ஒன்றை 6,000 டாலருக்கு வாங்கியதாகவும் இப்படித்தான் வெளியே கசிந்தது. கூடவே வேறு படங்களும் சேர்த்துக் கொடுத்த கணக்கு அது, தலைப்பில் வந்ததோ ஒரு படத்தின் விலை. பிலிப்ஸுக்குப் பெரிய சங்கடம், கொஞ்ச நாள் பேச்சுவார்த்தை இல்லை.

நேரில் போய் விலை கேட்டால் இன்னும் வேடிக்கை. 1929 முதல் சாகும் வரை அவர் நடத்திய ஆன் அமெரிக்கன் பிளேஸ் என்ற காலரி, மேடிசன் அவென்யூ 509, பதினேழாவது மாடியில் இருந்தது. விளம்பரம் கிடையாது, திறப்பு விழா கிடையாது, விருந்து கிடையாது, இந்த மாதிரி கிடையாதுகளையே வரிசையாக அச்சடித்து ஒரு அறிவிப்பு வைத்திருந்தார். கம்பளிக் கேப்பைப் போர்த்திக்கொண்டு நரைத்த மீசையோடு நடுவில் நின்று பேசிக்கொண்டே இருப்பார். இது என்ன விலை என்று யாராவது கேட்டால் உடனே பதில் வராது. உனக்கு இது எதற்கு என்று அவர் கேட்பார். பிடிக்காத பணக்காரர் என்றால் விற்பனைக்கில்லை. ஆசைப்படுகிற ஏழை என்றால் தவணை. தனக்கென்று கமிஷன் எடுத்துக்கொண்டதில்லை, இடத்தின் வாடகைக்கு என்று ஒரு நிதி, அதற்கு மட்டும் கேட்பார். இந்த மாதிரி ஒருவர் விற்க மாட்டேன் என்று சொன்னதும் வாங்க வந்தவனுக்குக் கை பரபரக்கும் பாருங்கள், அதுதான் தொழில் ரகசியம். வெளியே ஒரு தொகை போர்டில் எழுதி வைத்திருந்தால் பேரம் பேசியிருப்பான். என் ஓவிய நண்பன் ஒருவனின் படத்தை ஒரு காலரி பாதிக்குப் பாதி கமிஷன் எடுத்து, அதையும் எட்டு மாசம் இழுத்துக் கொடுத்தபோது இந்த மனுஷரைத்தான் நினைத்தேன்.

ஏனென்றால் இந்தத் தந்திரத்தில் கிடைத்த பணம் போன இடம் தெரியும். ஆர்தர் டவ் என்று ஒரு ஓவியர், 1912-ல் 291-இல் முதல் தனிக் காட்சி. அமெரிக்காவில் அரூப ஓவியம் தொடங்கி வைத்தவர்களில் ஒருவர். ஒரு பாய்மரப் படகில் குடும்பம் நடத்தினார், கோழி வளர்த்தார், பத்திரிகைக்குப் படம் போட்டார், ஓவியம் ஒன்றும் பெரிதாகப் போகாது. ஸ்டீக்லிட்ஸ் வருஷா வருஷம் விடாமல் அவருக்குக் காட்சி வைத்தார். 1930 முதல் பிலிப்ஸ் மாதம் 50 டாலர் அனுப்ப ஏற்பாடானது, பதிலுக்கு வருஷக் காட்சியில் அவர் முதலில் தேர்ந்தெடுத்துக்கொள்ளலாம். பெரும் பொருளாதார மந்த காலத்தில் டவ் வீட்டு அடுப்பு அதில்தான் எரிந்தது. அந்த டவ் செய்த ஸ்டீக்லிட்ஸ் உருவப்படம் நியூயார்க் நவீன கலை மியூசியத்தில் இருக்கிறது. அட்டையில் ஒரு கேமரா லென்ஸ், ஒரு போட்டோ தகடு, கடிகார ஸ்பிரிங்குகள், பாத்திரம் தேய்க்கிற மாதிரி இரும்பு நார். மூஞ்சி கிடையாது. தலைமுடியும் படபடப்பும் அப்படியே வந்திருக்கிறது.

ஹார்ட்லிக்கு ஐரோப்பா போகக் காசில்லை என்றபோது 1921-ல் அவருடைய 117 படங்களை ஒரே நாளில் ஏலம் விட வைத்து ஐயாயிரம் டாலருக்குச் சற்றுக் குறைவாகத் திரட்டிக் கொடுத்தார். ஆனால் எல்லோரும் கடைசி வரை ஒட்டிக்கொண்டிருக்கவில்லை. மகன் மாதிரி வளர்த்த போட்டோகிராஃபர் பால் ஸ்ட்ராண்ட் 1932-ல் காலரிச் சாவியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வெளியேறினார். வெளியே வந்ததும் மூச்சு விட முடிந்தது என்கிற மாதிரி பின்னால் பேசியிருக்கிறார். ஹார்ட்லியும் போனார். ஸ்டீக்லிட்ஸ் பெற்ற மகள் கிட்டி, குழந்தை பிறந்தபின் 1923-ல் மனநிலை பாதித்து மீதி வாழ்நாள் முழுக்க மருத்துவ விடுதியிலேயே இருந்தார் என்பதை எங்கே வைத்துச் சொல்வது என்று தெரியாமல் இங்கே சொல்கிறேன்.

நமக்கு ஒரு சின்ன உறவு முறை இதில் இருக்கிறது. கொழும்பில் 1877-ல் பிறந்த ஆனந்த குமாரசாமி, சர் முத்து குமாரசாமியின் மகன், 1917 முதல் பாஸ்டன் நுண்கலை மியூசியத்தில் இந்தியக் கலைப் பிரிவைக் கவனித்துக்கொண்டிருந்தார். நடராஜர் தத்துவத்தை மேற்கே கொண்டுபோன அதே ஆள்தான். அவருக்கு கேமராவிலும் ஈடுபாடு. ஸ்டீக்லிட்ஸோடு பழகி, பேசி, 1924-ல் 27 போட்டோக்களை அந்த மியூசியத்துக்கு நன்கொடையாகக் கொடுக்க வைத்தார். அமெரிக்காவின் பெரிய மியூசியம் ஒன்று போட்டோவைக் கலைப்பொருள் என்று ஒப்புக்கொண்டு உள்ளே எடுத்துக்கொண்ட ஆரம்ப சம்பவங்களில் அது ஒன்று. இருபது வருஷம் சாக்குத் துணிச் சுவரில் மாட்டிக் கத்திக்கொண்டிருந்தவருக்குக் கதவைத் திறந்துவிட்டது சோழர் சிலைகளைப் பற்றி எழுதிக்கொண்டிருந்த ஒரு யாழ்ப்பாணத் தமிழ் வம்சத்துக்காரர். இதைப் படித்த அன்று நான் பில் மேஜைக்கு மேலே இருந்த படத்தைக் கழற்றித் தூசி தட்டி மறுபடி மாட்டினேன்.

1937 வாக்கில் பெரிய கேமராவைத் தூக்க இதயம் ஒத்துழைக்காததால் படமெடுப்பதை நிறுத்தினார். காலரிக்கு மட்டும் தினமும் போனார், உள்ளே ஒரு கட்டில் போட்டுப் படுத்துக்கொண்டு வருகிறவர்களோடு பேசினார். 1946 ஜூலை 13 இறந்தார். நவம்பரில் டவ் போனார். ஸ்டீக்லிட்ஸின் சாம்பலை ஓ'கீஃப் ஜார்ஜ் ஏரிக்கரையில் ஒரு மரத்தடியில் தண்ணீர் சத்தம் கேட்கிற இடமாகப் பார்த்துப் புதைத்தார், எந்த மரம் என்று சொல்லவில்லை. அதன்பின் மூன்று வருஷம், தான் வரைவதை ஓரம் கட்டிவிட்டு, அவர் விட்டுப்போன படங்களை ஊர் ஊராகப் பிரித்துக் கொடுத்தார். 1,600-க்கு மேற்பட்ட அவருடைய போட்டோக்கள் வாஷிங்டன் தேசியக் காலரிக்கு. பெரும்பங்கு ஓவியங்கள் மெட்ரோபாலிட்டனுக்கு. 101 படைப்புகள் டென்னசியில் நாஷ்வில் நகரத்தில் கறுப்பின மாணவர்களுக்காகத் தொடங்கப்பட்ட ஃபிஸ்க் பல்கலைக்கழகத்துக்கு, இனப் பிரிவினைச் சட்டம் நடப்பில் இருந்த தெற்கில், 1949-ல். விற்கக் கூடாது என்று நிபந்தனை.

ஃபிஸ்க்குக்குப் போனதில் ஒன்று ஓ'கீஃப் 1927-ல் வரைந்த நியூயார்க் இரவுக் காட்சி. நடுவில் ரேடியேட்டர் கம்பெனியின் கறுப்புக் கட்டடம், உச்சியில் வெளிச்சம், ஜன்னல்களெல்லாம் சதுரம் சதுரமாக மின்னுகின்றன, வலது பக்கம் நீராவி. இடது பக்கம் ஒரு கட்டடத்தின் மேல் சிவப்பு விளக்கில் ஒரு விளம்பரப் பலகை. அதில் வேறு கம்பெனியின் பெயர் இருந்த இடத்தில் ஆல்ஃபிரட் ஸ்டீக்லிட்ஸ் என்று எழுதி வைத்திருக்கிறார் அந்த அம்மாள். விளம்பரமே கிடையாது என்று அறிவிப்பு ஒட்டப் போகிற மனுஷருக்கு ஊர் நடுவில் நியான் போர்டு. 2005-ல் பல்கலைக்கழகத்துக்குப் பண முடை, இந்த ஓவியத்தையும் ஹார்ட்லி ஓவியம் ஒன்றையும் விற்கலாமா என்று கோர்ட்டுக்குப் போனார்கள், வருஷக்கணக்கில் வழக்கு நடந்தது. கடைசியில் முழுச் சேகரிப்பிலும் பாதிப் பங்கை வால்மார்ட் குடும்பத்து மகள் ஆர்கன்சாவில் கட்டிய மியூசியம் 30 மில்லியன் டாலருக்கு எடுத்துக்கொண்டது. இப்போது அந்தச் சிவப்பு போர்டு இரண்டு வருஷம் நாஷ்வில்லில், இரண்டு வருஷம் ஆர்கன்சாவில் என்று லாரியில் போய் வந்துகொண்டிருக்கிறது.